ஆண் பிள்ளைக்கு 'பாதிப் பெண்' என்று பெயர்... சேலம், நாமக்கல் பக்கம் 'அர்த்தநாரி' வந்தது எப்படி?

டி.என். 34 என்று தொடங்கும் நம்பர் பிளேட்டோடு ஒரு போர்வெல் வண்டியை நாட்டின் எந்த மூலையில் பார்த்தாலும், முன்கண்ணாடிக்கு மேலே என்ன எழுதியிருக்கிறது என்று கொஞ்சம் கவனியுங்கள். 'அர்த்தநாரீஸ்வரர் துணை' என்று இருக்க வாய்ப்பு அதிகம். 34 என்பது திருச்செங்கோடு வட்டாரப் போக்குவரத்து அலுவலகத்தின் எண். ரிக் வண்டிக்குப் பேர்போன ஊர் அது. அந்த வண்டியின் முதலாளியோ டிரைவரோ தன் பெயரே அர்த்தநாரி என்று சொன்னாலும் ஆச்சரியப்பட வேண்டாம்.

சென்னையிலோ மதுரையிலோ இந்தப் பெயரை முதல்முறை கேட்பவர்கள், "அது பொம்பளப் பேராச்சே?" என்று கேட்பது உண்டு. கேள்வியில் தப்பு ஒன்றும் இல்லை. 'நாரி' என்றால் பெண்தான். ஆனால் சங்ககிரி, எடப்பாடி, குமாரபாளையம், பள்ளிபாளையம், மல்லசமுத்திரம், ராசிபுரம் என்று அந்தச் சமவெளி முழுக்க அர்த்தநாரி என்றால் மீசை வைத்த ஆண்தான். யாருக்கும் அது விநோதமாகத் தோன்றுவதில்லை. தாத்தா பெயர், பெரியப்பா பெயர், பக்கத்துக் காட்டுக்காரர் பெயர், அவ்வளவுதான்.

ஓர் ஆணின் பெயருக்குள் பெண் வந்து உட்கார்ந்தது எப்படி? அந்தப் பெயரைச் சுற்றி நடந்தது என்ன?

பெயரைப் பிரித்தால் என்ன வரும்?

முதலில் ஒரு குழப்பத்தைத் தீர்த்துவிடலாம். தமிழில் 'அர்த்தம்' என்றாலே நமக்கு 'பொருள்' என்பதுதான் நினைவுக்கு வரும். 'அர்த்தம் புரியுதா?' என்று தினமும் கேட்கிறோம். இந்தப் பெயரில் இருப்பது அந்த அர்த்தம் இல்லை.

சமஸ்கிருதத்தில் இரண்டு சொற்கள் உண்டு. ஒன்றுக்குப் பொருள், நோக்கம், செல்வம் என்று அர்த்தம். இன்னொன்றுக்குப் பாதி என்று அர்த்தம். அங்கே இரண்டுக்கும் எழுத்து வேறு, உச்சரிப்பும் வேறு. தமிழுக்கு வரும்போது இரண்டும் ஒரே 'த்த'வில் வந்து விழுந்துவிட்டன. கோயிலில் அர்த்தசாமப் பூசை என்கிறோமே, அது பாதி இரவுப் பூசை. கருவறைக்கு முன்னால் இருக்கும் அர்த்த மண்டபத்திலும், பாட்டிமார் சொல்லும் 'அர்த்தராத்திரி'யிலும் இருப்பது இதே பாதிதான்.

ஆக, அர்த்தம் என்றால் பாதி, நாரி என்றால் பெண், ஈஸ்வரர் என்றால் இறைவன். மூன்றும் சேர்ந்தால் அர்த்தநாரீஸ்வரர். பாதி உடல் பெண்ணாக உள்ள இறைவன்.

இந்த நீளமான பெயரை வயலிலும் தறிக்கூடத்திலும் தினமும் கூப்பிட முடியுமா? பின்பாதி உதிர்ந்துவிட்டது. மற்ற பெயர்களிலும் இப்படி நடப்பதுதான், ஆனால் இங்கே நடந்தது கொஞ்சம் வேடிக்கை. உதிர்ந்தது 'ஈஸ்வரர்' என்ற ஆண்பால் சொல். மிச்சம் நின்றது 'பாதிப் பெண்'. சாமி பெயரைச் சுருக்கப் போய், சாமியில் இருந்த ஆண் காணாமல் போய்விட்டார்!

அப்படியும் 'அர்த்தநாரி வந்தான்' என்றுதான் சொல்கிறோம், 'வந்தாள்' என்று இல்லை. இதற்குத் தமிழ் இலக்கணத்திலேயே வழி இருக்கிறது. பள்ளிக்கூடத்தில் படித்த அன்மொழித்தொகை நினைவிருக்கிறதா? பொற்றொடி என்றால் பொன்னால் ஆன வளையல். ஆனால் 'பொற்றொடி வந்தாள்' என்றால் வந்தது வளையல் இல்லை, வளையல் அணிந்த பெண். சொல்லில் இல்லாத ஒருவரைச் சொல்லுக்கு வெளியே நின்று குறிக்கிற தொகை அது. அர்த்தநாரியும் அப்படித்தான். பெயருக்குள் இருப்பது பெண், பெயர் குறிப்பது அந்தப் பெண்ணைப் பாதியாகக் கொண்ட ஆணை.

எல்லாவற்றுக்கும் மூலம் ஒரு மலை

இந்தப் பெயர் ஏன் தஞ்சாவூரிலோ திருநெல்வேலியிலோ இவ்வளவு புழங்கவில்லை? அங்கேயும் சிவன் கோயில்கள் இருக்கின்றன, சுவரில் அர்த்தநாரீஸ்வரர் சிற்பங்களும் இருக்கின்றன. திருவெண்காட்டில் கிடைத்த சோழர் கால அர்த்தநாரீஸ்வரர் செப்புத் திருமேனி சென்னை எழும்பூர் அருங்காட்சியகத்தின் பெருமைகளில் ஒன்று. ஆனால் அங்கெல்லாம் அவர் கோயிலில் உள்ள பல வடிவங்களில் ஒருவர். மூலவர் லிங்கமாக இருப்பார்.

திருச்செங்கோட்டில் அப்படி இல்லை. மூலவரே பாதி ஆண், பாதி பெண்ணாக நின்ற கோலத்தில் இருக்கிறார். வலப்பாதிக்கு வேட்டி, இடப்பாதிக்குச் சேலை. கருவறையில் இந்த வடிவமே மூலவராக இருப்பது அரிது. திருமேனி பல மருந்துப் பொருள்களைச் சேர்த்துச் செய்தது என்ற நம்பிக்கையும் உண்டு.

மலைக்குப் போக 1,200-க்கும் மேற்பட்ட படிகள். வாகனத்தில் போகச் சாலையும் இருக்கிறது. ஏறும் வழியில் பாறையில் செதுக்கிய பெரிய ஐந்தலை நாகம், மஞ்சளும் குங்குமமுமாக இருக்கும். அதைத் தாண்டினால் அறுபதாம் படி. கொடுக்கல் வாங்கல் தகராறு, எல்லைத் தகராறு என்று எதுவாக இருந்தாலும் இந்தப் படியில் சத்தியம் செய்தால் பேச்சு முடிந்தது என்பது அந்த வட்டாரத்துப் பழைய வழக்கம்.

ஊர்ப் பெயரிலும் மலைதான் இருக்கிறது. கோடு என்றால் மலையுச்சி. செம்மை நிறக் கோடு, செங்கோடு. சிலப்பதிகாரத்தின் குன்றக்குரவைப் பகுதியில் முருகன் இருக்கும் மலைகளில் ஒன்றாகச் செங்கோடு சொல்லப்படுகிறது. 7-ம் நூற்றாண்டில் திருஞானசம்பந்தர் பாடியபோது ஊரின் பெயர் கொடிமாடச் செங்குன்றூர். கொங்கு நாட்டுத் தேவாரத் தலங்கள் ஏழில் இது ஒன்று. ஒரு பாகத்தில் பெண்ணை வைத்தவர் என்றும், அங்கே நிற்பவர் என்றும் அவரது பதிகம் இறைவனைச் சொல்கிறது.

கூட வந்த அடியார்களைக் குளிர்காய்ச்சல் பிடித்துக்கொண்டபோது சம்பந்தர் திருநீலகண்டப் பதிகம் பாடியதும் இந்த ஊரில்தான் என்கிறது பெரியபுராணம். பிறகு 15-ம் நூற்றாண்டில் அருணகிரிநாதர் வந்து செங்கோட்டு வேலவனைப் பாடினார். முத்துசுவாமி தீட்சிதரின் குமுதக்கிரியா ராகக் கீர்த்தனை ஒன்றும் அர்த்தநாரீஸ்வரர் மேல் உண்டு.

பிருங்கிக்கு மூன்று கால் வந்த கதை

பாதி உடல் எப்படி வந்தது? இதற்குப் புராணக் கதை ஒன்று உண்டு. பிருங்கி என்று ஒரு முனிவர். சிவனை மட்டும்தான் கும்பிடுவேன், பக்கத்தில் இருக்கும் பார்வதியைக் கும்பிட மாட்டேன் என்று பிடிவாதம். பார்வதி சிவனை ஒட்டி உட்கார்ந்தார். முனிவர் வண்டாக மாறி இருவருக்கும் நடுவே புகுந்து சிவனை மட்டும் சுற்றி வந்தார். உடம்பில் உள்ள சதையும் ரத்தமும் தாய் தந்தவை, என்னை வேண்டாம் என்றால் அதையும் கொடுத்துவிடு என்றார் பார்வதி. முனிவர் அதற்கும் சரி என்று கொடுத்துவிட்டு எலும்புக்கூடாக நின்றார். நிற்க முடியாமல் தடுமாறியவருக்குச் சிவன் மூன்றாவது காலைக் கொடுத்தார்.

இனிமேல் நடுவே யாரும் புகவே முடியாதபடி செய்ய வேண்டும் என்று பார்வதி தவம் இருந்து இடப்பாகத்தை வாங்கிக்கொண்டார். அந்தத் தவம் நடந்த இடம் திருச்செங்கோடு என்பது தலபுராணம். தீபாவளியை ஒட்டி வீடுகளில் நோற்கும் கேதார கௌரி விரதமும் இந்தக் கதையோடு சேர்ந்ததுதான். அம்மனின் பெயர் பாகம்பிரியாள். கணவனின் பாகத்தை விட்டுப் பிரியாதவள்.

கதையைக் கொஞ்சம் திருப்பிப் பார்த்தால், அர்த்தநாரி என்ற பெயரில் பெண் பாதி தங்கியது யாரும் தானமாகக் கொடுத்ததால் இல்லை. அவராகக் கேட்டு வாங்கிய பங்கு அது.

வடமொழிப் பெயர்தான், ஆனால் கருத்து?

'அர்த்தநாரி' வடமொழிச் சொல். அதற்காக வடிவமே பின்னாளில் வடக்கே இருந்து வந்தது என்று முடிவு கட்டிவிட முடியாது. புறநானூற்றுக்கும் ஐங்குறுநூற்றுக்கும் கடவுள் வாழ்த்து பாடிய பாரதம் பாடிய பெருந்தேவனார் இரண்டிலுமே பெண்ணை ஒரு பாகமாகக் கொண்டவரைத்தான் பாடுகிறார். இந்த வாழ்த்துகள் சங்கப் பாடல்களுக்குப் பிற்பட்டவை என்றாலும் அவற்றில் 'அர்த்தநாரி' என்ற சொல் இல்லை. பாகம், திறன் என்று தமிழிலேயே சொல்லிவிடுகிறார்.

வடக்கே மதுராவில் குஷாணர் காலத்துச் சிற்பங்களில் இந்த வடிவம் காணப்படுகிறது. இன்னும் தூரத்திலும் ஒரு தடயம் உண்டு. கி.பி. 3-ம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ரோமானியப் பேரரசுக்குப் போன இந்தியத் தூதர்கள், வலப்பக்கம் ஆணும் இடப்பக்கம் பெண்ணுமான ஒரு பெரிய சிலை தங்கள் நாட்டில் இருப்பதாகச் சொன்னார்களாம். சிரியாவைச் சேர்ந்த பர்தேசனஸ் அதை எழுதிவைத்தார். ஸ்டோபேயஸ் என்ற கிரேக்கத் தொகுப்பாசிரியர் அந்தப் பகுதியைப் பாதுகாத்ததால்தான் இன்று நமக்குத் தெரிகிறது.

தமிழில் இந்தக் கடவுளுக்குப் பெயர் பஞ்சமே இல்லை. மாதொருபாகன், உமையொருபாகன், மங்கைபங்கன், அம்மையப்பன். தூய தமிழ்ப் பெயர் வைக்க வேண்டும் என்று தேடுகிறவர்கள் இவற்றில் ஒன்றை எடுக்கிறார்கள். பேச்சுவழக்கு தன் பாட்டுக்கு அர்த்தநாரியை 'அத்தநாரி' ஆக்கிக்கொண்டது. தமிழில் 'அத்தன்' என்றால் தந்தை. அப்பாவும் பெண்ணும் சேர்ந்தவர் என்று புதிதாக ஒரு பொருள் அதில் தானாக வந்து ஒட்டிக்கொள்கிறது. அகராதிப்படி அது சரியில்லை, ஆனால் கேட்க நன்றாகத்தான் இருக்கிறது.

ஒரே மலை, பல பெயர்கள்

கொங்குப் பகுதியில் மூத்த பேரனுக்குத் தாத்தா பெயரை வைப்பது பழைய வழக்கம். பேரன் என்ற சொல்லே அதைத்தான் சொல்கிறது. பெயரன், அதாவது பெயரைத் தாங்குபவன். ஒரு குடும்பத்தில் ஒரு அர்த்தநாரி இருந்துவிட்டால் ஒரு தலைமுறை விட்டு ஒரு தலைமுறை அந்தப் பெயர் திரும்பத் திரும்ப வந்துகொண்டே இருக்கும். இந்தப் பெயர் ஒரு சாதிக்கு மட்டும் உரியதும் இல்லை. விவசாயக் குடும்பத்திலும் இருக்கும், தறி ஓட்டுகிற குடும்பத்திலும் இருக்கும். மலை எல்லாருக்கும் தெரிகிறது அல்லவா!

இதே மலையிலிருந்து வேறு பெயர்களும் இறங்கி வந்திருக்கின்றன. செங்கோடன், செங்கோட்டுவேல், செங்கோட்டுவேலன் எல்லாம் மலைமேல் இருக்கும் முருகனின் பெயர்கள். செங்கோட்டையன் என்ற பெயரைக் கேட்டதும் கோட்டை ஞாபகம் வரும், சிலருக்கு டெல்லி செங்கோட்டைகூட வரும். பிரித்துப் பாருங்கள். செங்கோடு + ஐயன். நாடு என்பது நாட்டு என்று ஆவது போல, கோடு என்பது கோட்டு என்று இரட்டித்து, ஐயனோடு சேர்ந்து செங்கோட்டையன். கோட்டைக்கு இங்கே வேலை இல்லை.

பெண் குழந்தைகளுக்குப் பாகம்பிரியாள் என்று வைப்பதுண்டு. ராமநாதபுரம் மாவட்டம் திருவெற்றியூரில் உள்ள பாகம்பிரியாள் அம்மன் கோயிலும் பிரபலம் என்பதால் அந்தப் பக்கமும் இந்தப் பெயரைக் கேட்கலாம். அம்மன் பெயர் ஊர் விட்டு ஊர் போய்விட்டது. அர்த்தநாரி மட்டும் பெரும்பாலும் சேலம், நாமக்கல், ஈரோடு என்று மலையைச் சுற்றியே நின்றுவிட்டது. யாராவது தன் பெயர் அர்த்தநாரி என்றால், 'உங்களுக்குத் திருச்செங்கோட்டுப் பக்கமா?' என்று துணிந்து கேட்கலாம்.

ஐரோப்பாவிலும் ஒரு 'பாதி'

பெயருக்குள்ளேயே பாதி இருப்பது நம்மூரில் மட்டும்தானா? இல்லை. பழைய ஜெர்மானிய மொழிகளில் ஆண் பெயர்கள் பெரும்பாலும் இரண்டு சொற்களை ஒட்டி உருவானவை. வில்ஹெல்ம் என்றால் விருப்பம், தலைக்கவசம். அந்தக் குடும்பத்தைச் சேர்ந்த நார்வே, டென்மார்க் பக்கத்துப் பெயர் ஒன்று ஹால்ஃப்டான். நேர்ப்பொருள் 'பாதி டேனிஷ்காரன்'. தாய் தந்தையில் ஒருவர் மட்டும் டேனிஷ்காரராக இருந்த பிள்ளைக்கு வைத்த பெயராக இருக்கலாம் என்று விளக்குகிறார்கள்.

9-ம் நூற்றாண்டில் நார்வேயில் கறுப்பு ஹால்ஃப்டான் என்று ஓர் அரசர் இருந்தார். நார்வேயை ஒன்றாக்கியதாகச் சொல்லப்படும் ஹரால்டின் அப்பா அவர். பழைய ஆங்கிலக் காவியமான பேயவுல்ஃபில் ரோத்கார் மன்னரின் தந்தைக்கும் இதே பெயர்தான். இஸ்தான்புல்லின் ஹாகியா சோபியா மாடியில் உள்ள பளிங்குக் கைப்பிடிச் சுவரில் வைக்கிங் காலத்து ஆள் ஒருவர் ரூனிக் எழுத்தில் கிறுக்கிவைத்திருக்கிறார். 1964-ல் கண்டுபிடிக்கப்பட்ட அந்தக் கிறுக்கலில் தெளிவாகப் படிக்க முடிவது ஹால்ஃப்டான் என்ற பெயர் மட்டும்தான். சுற்றுலா போன இடத்தில் சுவரில் பெயர் எழுதும் பழக்கம் நமக்கு மட்டும் உரியது இல்லை போல!

ஹால்ஃப்டானின் பாதி இனத்தைச் சொல்கிறது. அர்த்தநாரியின் பாதி ஆண், பெண் பற்றியது. பிற்காலத்தில் ஹால்ஃப்டான் என்று பெயர் வைத்த பெற்றோர் யாரும் பிள்ளை பாதி டேனிஷ்தானா என்று கணக்குப் பார்த்திருக்க மாட்டார்கள். நம்மூரில் அர்த்தநாரி என்று கூப்பிடுபவர்களும் ஒவ்வொரு தடவையும் பொருளை நினைத்துக்கொண்டு கூப்பிடுவதில்லை.

பாரதிக்கு இரங்கற்பா எழுதிய சேலத்துக்காரர்

இந்தப் பெயரைத் தாங்கியவர்களில் தெரிந்துகொள்ள வேண்டியவர் சேலம் அர்த்தநாரீச வர்மா. 1874-ல் பிறந்தார், 1964-ல் மறைந்தார். கவிஞர், பத்திரிகையாளர், விடுதலைப் போராட்டக்காரர். 'க்ஷத்திரியன்' என்ற பத்திரிகையை நடத்தினார். 1921-ல் பாரதியார் இறந்தபோது இரங்கற்பா எழுதியவர். மதுவிலக்குக்காகத் தொடர்ந்து பேசியவர்களில் ஒருவர்.

அந்த மதுவிலக்கு முதன்முதலில் நடைமுறைக்கு வந்ததும் இவருடைய சேலம் மாவட்டத்தில்தான். ராஜாஜி சென்னை மாகாணப் பிரதமராக இருந்தபோது 1937 அக்டோபர் 1-ம் தேதி அது தொடங்கியது. திருச்செங்கோடு அப்போது சேலம் மாவட்டத்தில் இருந்தது. ராஜாஜி 1925-ல் காந்தி ஆசிரமம் தொடங்கிய புதுப்பாளையம் திருச்செங்கோட்டுக்குப் பக்கம்தான். நாமக்கல் தனி மாவட்டமானது 1997 ஜனவரி 1-ல்.

பெயர் நீதிமன்றம் வரை போனபோது

இந்தப் பெயரின் வரலாற்றில் பெரிய புயல் அடித்தது பத்து வருடத்துக்குச் சற்று முன்புதான். எழுத்தாளர் பெருமாள்முருகன் திருச்செங்கோடு பகுதிக்காரர், நாமக்கல்லில் அரசுக் கல்லூரித் தமிழ்ப் பேராசிரியராக இருந்தார். 2010-ல் 'மாதொருபாகன்' நாவல் வெளிவந்தது. அர்த்தநாரி என்பதன் நேர்த் தமிழ்தான் அந்தத் தலைப்பு.

காளி, பொன்னா என்ற தம்பதிக்கு வருடக்கணக்கில் குழந்தை இல்லை. ஊரார் பேச்சு, உறவுகளின் வற்புறுத்தல் என்று போகும் கதை, திருச்செங்கோட்டு வைகாசித் தேர்த்திருவிழாவின் 14-ம் நாளுக்கு வருகிறது. அந்த ஓர் இரவில் குழந்தை இல்லாத பெண்கள் கணவர் அல்லாத ஒருவரைச் 'சாமி'யாக ஏற்றுக்கொள்ளும் வழக்கம் முன்பு இருந்ததாக நாவல் சொன்னது.

நான்கு வருடம் பெரிய சத்தம் எதுவும் இல்லை. ஆங்கில மொழிபெயர்ப்பு வந்த பிறகு, 2014 டிசம்பரில் எதிர்ப்பு கிளம்பியது. ஊரின் பெண்களையும் கோயிலையும் நாவல் இழிவுபடுத்துகிறது, அப்படி ஒரு வழக்கம் இருந்ததற்கு என்ன ஆதாரம் என்று கேட்டார்கள் எதிர்த்தவர்கள். புத்தகம் எரிக்கப்பட்டது, திருச்செங்கோட்டில் கடையடைப்பு நடந்தது. 2015 ஜனவரி 12-ல் நாமக்கல்லில் அதிகாரிகள் முன்னிலையில் நடந்த பேச்சுவார்த்தையில் பெருமாள்முருகன் நிபந்தனையற்ற மன்னிப்புக்குக் கையெழுத்துப் போட்டார். அதன் பிறகு, தனக்குள் இருந்த எழுத்தாளன் செத்துவிட்டான் என்று ஃபேஸ்புக்கில் அறிவித்தார்.

2016 ஜூலை 5-ம் தேதி சென்னை உயர் நீதிமன்றத்தில் தலைமை நீதிபதி சஞ்சய் கிஷன் கவுல், நீதிபதி புஷ்பா சத்தியநாராயணா அமர்வு தீர்ப்பளித்தது. அந்தப் பேச்சுவார்த்தை உடன்பாடு அவரைக் கட்டுப்படுத்தாது, நாவல் மீது நடவடிக்கை கோரிய மனுக்கள் ஏற்கப்படாது, பிடிக்காதவர்கள் புத்தகத்தைத் தூக்கிப் போட்டுவிடலாம், எழுத்தாளர் மீண்டும் எழுத வர வேண்டும் என்பது தீர்ப்பின் சாரம். அவரும் எழுத வந்தார்.

இந்தச் சண்டையில் பலர் கவனிக்காத ஒன்று உண்டு. மாதொருபாகனுக்கு இரண்டு தொடர்ச்சி நாவல்களை அவர் எழுதியிருக்கிறார். ஒன்றில் காளி இறந்துபோகிறான், இன்னொன்றில் பிழைத்திருக்கிறான். இறந்துபோன கதைக்கு 'ஆலவாயன்' என்று தலைப்பு. பிழைத்திருந்து மனைவியோடு பேசாமல் காலம் தள்ளும் கதைக்கு 'அர்த்தநாரி'. ஒட்டிப் பிறந்தது போல வாழ்ந்த இருவர் ஒரே வீட்டில் பாதி பாதியாகப் பிரிந்து நிற்கிற கதைக்கு அந்தப் பெயர்! ஊரில் தெருவுக்குத் தெரு கேட்கும் பெயரின் நேர்ப்பொருளை இவ்வளவு கூர்மையாகப் பயன்படுத்திய தலைப்பு வேறொன்றைச் சொல்வது கஷ்டம்.

இப்போதும் வைக்கிறார்களா?

வைக்கிறார்கள். ஆனால் இன்று அர்த்தநாரி என்று அறிமுகமாகிறவர்கள் பெரும்பாலும் நடுத்தர வயதைத் தாண்டியவர்கள். பிள்ளைக்கு எண் கணிதம் பார்த்து, இரண்டு எழுத்தில், 'ஷ்' என்று முடிகிற பெயரைத் தேடும் காலம் இது. வேண்டுதலுக்காகத் தாத்தா பெயரை வைத்துவிட்டு, பள்ளியில் வேறு பெயர் கொடுப்பவர்களும் உண்டு. கேலிக்குப் பயந்து விடுகிறவர்களும் உண்டு. 'பாதிப் பொம்பள' என்று வகுப்பில் ஒருவன் ஆரம்பித்தால் போதாதா? அந்தக் கேலி வெளியூர் போனால்தான் வரும் என்பது வேறு விஷயம். திருச்செங்கோட்டு வகுப்பறையில் அதைச் சொன்னால் சாமியைச் சொன்னது போல ஆகிவிடும்.

அர்த்தநாரிகளுக்கு இன்றைய நிஜமான தலைவலி ஸ்பெல்லிங்தான். ஆங்கிலத்தில் நடுவே வரும் எழுத்து டீச்சருக்குப் போடும் 'டி'யா, டாக்டருக்குப் போடும் 'டி'யா? பாதி என்ற பொருளுக்குச் சரியானது டாக்டர் 'டி'. நம்மூர் உச்சரிப்புக்கும் பழக்கத்துக்கும் டீச்சர் 'டி'. ரேஷன் கார்டில் ஒன்று, ஓட்டுநர் உரிமத்தில் ஒன்று, பட்டாவில் முழு 'அர்த்தநாரீஸ்வரன்' என்று மூன்று விதமாக இருந்தால் வங்கிக் கடனுக்கோ பாஸ்போர்ட்டுக்கோ போகும்போது மாட்டிக்கொள்ள வேண்டியதுதான். தமிழிலும் அர்த்தநாரி, அர்த்தனாரி என்று இரண்டு உண்டு. 'நாரி' தனிச்சொல் என்பதாலும், 'ன' தமிழில் சொல்லுக்கு முதலில் வராது என்பதாலும் 'ந' போடுவதே சரி.

குழந்தைக்கு இந்தப் பெயரை வைக்கப் போகிறீர்கள் என்றால் செய்ய வேண்டியது இதுதான். பிறப்பை 21 நாளுக்குள் பதிவு செய்யுங்கள். பெயர் முடிவாகவில்லை என்றால் பெயர் இல்லாமலும் பதியலாம். ஒரு வருடத்துக்குள் கட்டணம் இல்லாமல் பெயர் சேர்க்கலாம், அதன் பிறகு தாமதக் கட்டணத்தோடு 15 வருடம் வரை சேர்க்கலாம். 2023 அக்டோபர் 1-ம் தேதிக்குப் பிறகு பிறந்தவர்களுக்குப் பள்ளிச் சேர்க்கை, பாஸ்போர்ட் எல்லாவற்றுக்கும் பிறப்புச் சான்றிதழ்தான் அடிப்படை என்பதால், அதில் போகிற ஸ்பெல்லிங்தான் கடைசிவரை வரும்.

ஏற்கெனவே பெயர் மாறி மாறி இருக்கிற பெரியவர்கள் எழுதுபொருள் அச்சுத்துறை மூலம் தமிழ்நாடு அரசிதழில் பெயர் மாற்றத்தை வெளியிட்டு, அந்த அரசிதழ் நகலை வைத்து மற்ற ஆவணங்களைத் திருத்திக்கொள்ளலாம். ஆதாரில் பெயரைத் திருத்த இரண்டு முறைதான் வாய்ப்பு. எனவே முதலில் எந்த 'டி' என்பதை வீட்டில் பேசி முடிவு செய்துவிட்டு இ-சேவை மையத்துக்குப் போங்கள்.